இந்தியாவுக்கே வராமல் நம்ம ஊர் அணிலுக்குப் பெயர் வைத்தவர்... யார் இந்த தாமஸ் பென்னன்ட்?

தி.நகர் வெங்கட்நாராயணா சாலையில் இருக்கும் நடேசன் பூங்கா. காலையில் வாக்கிங் போகிறவர்கள் ஒரு பக்கம், பெஞ்சில் பேப்பர் விரித்திருக்கும் பெரியவர்கள் இன்னொரு பக்கம். இவங்க யாரையும் கண்டுக்காம மரத்துக்கும் தரைக்கும் ஓடிக்கிட்டே இருக்கும் அணில்கள். ஒன்றை நிறுத்திப் பார்த்தால் (நின்றால்தான்!) முதுகில் மூன்று வெள்ளைக் கோடுகள் தெரியும். சேது பாலம் கட்ட மண் சுமந்ததற்காக ராமர் மூன்று விரலால் தடவிக் கொடுத்த கோடு என்று சின்ன வயதில் நமக்கெல்லாம் கதை சொல்லியிருப்பார்கள்.

இப்போது டெல்லியில் வேலை பார்க்கும் நண்பர் யாராவது இருந்தால், அங்கே பார்க்கில் ஓடும் அணிலை ஒரு போட்டோ எடுத்து அனுப்பச் சொல்லுங்கள். ஜூம் செய்து எண்ணிப் பாருங்கள். முதுகில் மூன்று, பக்கத்துக்கு ஒன்றாக இன்னும் இரண்டு. மொத்தம் ஐந்து கோடு!

இரண்டும் வேறு வேறு இனம். நம்ம ஊர் மூன்று கோட்டு அணிலின் அறிவியல் பெயர் ஃபுனாம்புலஸ் பால்மாரம். 1766-ல் ஸ்வீடன் விஞ்ஞானி லின்னேயஸ் வைத்த பெயரிலிருந்து வந்தது. வட இந்தியாவின் ஐந்து கோட்டு அணிலுக்கு ஃபுனாம்புலஸ் பென்னன்டி என்று பெயர். இந்த 'பென்னன்டி'யில் ஒளிந்திருப்பவர்தான் இன்றைய கதையின் நாயகன், தாமஸ் பென்னன்ட். இங்கிலாந்துக்குப் பக்கத்தில் இருக்கும் வேல்ஸ் நாட்டுக்காரர்.

இவருக்கும் தமிழ்நாட்டுக்கும் இதைவிட நெருக்கமான ஒரு தொடர்பு உண்டு. ஸ்ரீவில்லிபுத்தூர் காட்டில் வாழும் சாம்பல் நிறப் பெரிய அணிலுக்கு முதன்முதலில் அறிவியல் பெயர் வைத்தவர் இவர்தான். இத்தனைக்கும் அவர் இந்தியாவில் கால் வைத்ததே இல்லை. இலங்கைக்கும் போனதில்லை. அப்புறம் எப்படி?

12 வயதில் கிடைத்த ஒரு புத்தகம்

1726-ல் வேல்ஸின் வடகிழக்கு மூலையில், டவுனிங் என்ற மாளிகையில் பிறந்தார் பென்னன்ட். நிலபுலன் உள்ள வசதியான குடும்பம். 12 வயதில் உறவினர் ஒருவர் அவருக்கு ஒரு புத்தகம் பரிசாகக் கொடுத்தார். ஃபிரான்சிஸ் வில்லபி என்பவர் பறவைகளைப் பற்றி எழுதிய நூல் அது. அந்த ஒரு புத்தகம்தான் தன்னை இயற்கை பக்கம் இழுத்தது என்று கடைசிவரை நன்றியோடு சொல்லிக்கொண்டிருந்தார்.

ஆக்ஸ்போர்டில் படித்தார், ஆனால் பட்டம் வாங்காமலேயே வெளியே வந்துவிட்டார். அதற்காக யாரும் அவரை ஒதுக்கவில்லை. 1755-லேயே லின்னேயஸுக்குக் கடிதம் எழுதத் தொடங்கினார். உலகத்தின் எல்லா உயிர்களுக்கும் இரட்டைப் பெயர் வைக்கும் முறையைக் கொண்டுவந்த அதே லின்னேயஸ்தான். அந்த நட்பு வளர்ந்து, இரண்டே ஆண்டில் ஸ்வீடனின் உப்சாலா அறிவியல் கழகத்தில் பென்னன்ட் உறுப்பினரானார். 1767-ல் லண்டன் ராயல் சொசைட்டியும் அவரைச் சேர்த்துக்கொண்டது.

1759-ல் திருமணம். சில ஆண்டுகளிலேயே மனைவி எலிசபெத் இறந்துபோனார். அதன்பின் 1765-ல் ஐரோப்பா சுற்றக் கிளம்பினார். பிரான்ஸில் இயற்கை அறிஞர் பஃபோனைச் சந்தித்தார். தத்துவ அறிஞர் வால்டேரைச் சந்தித்தார். நெதர்லாந்தில் பீட்டர் பல்லாஸ் என்ற இளம் விலங்கியல் அறிஞரைச் சந்தித்தார். ஊருக்கு வந்து சும்மா இருக்கவில்லை. சந்தித்தவர்களுக்கெல்லாம் கடிதம், அவர்களிடமிருந்து பதில், பதிலோடு புதுப்புதுத் தகவல்கள்.

இன்றைய பாஷையில் சொன்னால், நெட்வொர்க்கிங்கில் மனுஷன் கில்லாடி. கில்பர்ட் வொயிட் எழுதிய 'செல்போர்னின் இயற்கை வரலாறு' இங்கிலாந்தில் இன்றுவரை அச்சில் இருக்கும் நூல். அதில் உள்ள கடிதங்களில் ஒரு பெரும்பகுதி பென்னன்டுக்கு எழுதப்பட்டவைதான்.

இலங்கையிலிருந்து வந்த ஓவியங்கள்

சரி, அணில் எங்கே வருகிறது? அதற்கு ஒரு நிமிடம் கொழும்புக்குப் போக வேண்டும்.

அப்போது இலங்கையின் கடற்கரைப் பகுதிகள் டச்சுக் கம்பெனியின் கையில் இருந்தன. 1752 முதல் 1757 வரை அங்கே கவர்னராக இருந்தவர் யோவான் கிடியோன் லோட்டன். பறவை, விலங்கு என்றால் அவருக்குக் கொள்ளை ஆசை. கம்பெனியில் வேலை பார்த்த பீட்டர் கொர்னேலிஸ் டி பெவேர் என்பவரைக் கூப்பிட்டு, தீவில் இருக்கும் உயிரினங்களை வரைய வைத்தார். டி பெவேர் இலங்கையிலேயே இருந்தவர். ஐரோப்பிய, ஆசியக் கலப்புக் குடும்பத்தைச் சேர்ந்தவர். உயிரினங்களைப் பக்கத்தில் வைத்துப் பார்த்து வரைந்தவர் அவர்தான்.

பதவிக் காலம் முடிந்த லோட்டன், அந்த ஓவியங்களோடு ஐரோப்பா திரும்பி லண்டனில் குடியேறினார். பென்னன்ட் கண்ணில் அந்தத் தொகுப்பு பட்டது. இங்கே யாருமே பார்த்திராத உயிரினங்கள்! பென்னன்ட், லோட்டன், ஜோசப் பேங்க்ஸ் மூவரும் சேர்ந்து செலவு செய்து அவற்றை அச்சிட முடிவெடுத்தார்கள். சிட்னி பார்க்கின்சன் என்ற இளம் ஓவியர் டி பெவேரின் படங்களைப் பார்த்து நகல் வரைந்தார். இதே பார்க்கின்சன் பிறகு கேப்டன் குக்கின் எண்டெவர் கப்பலில் போய், 1771-ல் திரும்பி வரும் வழியில் கடலிலேயே இறந்துபோனார்.

1769-ல் 'இந்திய விலங்கியல்' என்ற தலைப்பில் அந்த நூல் வந்தது. மெலிசான நூல்தான். அதில் ஓர் அணில் இருந்தது. உடம்புக்கு ஈடான நீள வால். பென்னன்ட் அதற்கு வைத்த பெயர் 'ஸ்கியுரஸ் மேக்ரூரஸ்'. ஸ்கியுரஸ் என்றால் அணில். மேக்ரூரஸ் என்றால் நீள வால்காரன். அவ்வளவுதான் அர்த்தம். அந்த நீள வால்காரன்தான் நம்ம ஸ்ரீவில்லிபுத்தூர் அணில்.

அணில் மட்டுமில்லை. வேடந்தாங்கலுக்குப் போயிருக்கிறீர்களா? அங்கே வரும் மஞ்சள் மூக்கு நாரையும், தண்ணீருக்கு மேல் கழுத்தை மட்டும் நீட்டிப் பாம்பு போல நீந்தும் பாம்புத்தாராவும் இதே நூல் வழியாகத்தான் அறிவியல் பெயர் வாங்கின. இரண்டுக்கும் பென்னன்ட், 1769 என்றே இன்றும் எழுதுகிறார்கள்.

அந்த அடைப்புக்குறி எதுக்கு?

விக்கிப்பீடியாவிலோ, சரணாலயப் பலகையிலோ ஒரு விஷயத்தைக் கவனித்திருப்பீர்கள். சில பெயர்களுக்குப் பின்னால் பெயர் வைத்தவரின் பெயர் அடைப்புக்குறிக்குள் இருக்கும். சிலவற்றுக்கு அடைப்புக்குறி இருக்காது. அச்சுப்பிழை இல்லை, அதற்கு அர்த்தம் இருக்கிறது.

அறிவியல் பெயரில் முதல் சொல் பேரினம், ஒரு குடும்பப் பெயர் மாதிரி. இரண்டாவது சொல் அந்த இனத்துக்கே உரியது. பெயர் வைத்தபோது இருந்த பேரினத்திலேயே இன்றும் அந்த உயிரினம் இருந்தால், வைத்தவர் பெயருக்கு அடைப்புக்குறி கிடையாது. பாம்புத்தாரா அப்படித்தான்: அன்ஹிங்கா மெலனோகாஸ்டர் பென்னன்ட், 1769. பிற்காலத்தில் வேறு பேரினத்துக்கு மாற்றியிருந்தால் அடைப்புக்குறி போட வேண்டும். சாம்பல் நிற அணில் இப்போது ரட்டுஃபா மேக்ரூரா (பென்னன்ட், 1769).

ஏன் மாறியது? லின்னேயஸ், பென்னன்ட் காலத்தில் உலகத்தில் இருந்த மர அணில்கள் எல்லாமே கிட்டத்தட்ட ஒரே பேரினத்துக்குள் அடைக்கப்பட்டன. ஐரோப்பாவின் செந்நிற அணிலும் சரி, சென்னையின் கோட்டு அணிலும் சரி, எல்லாம் ஸ்கியுரஸ். பிறகு பற்களை, மண்டை ஓட்டை ஒப்பிட ஆரம்பித்ததும் ஒவ்வொன்றாகப் பிரிந்தன. கோட்டு அணில்கள் 1835-ல் ஃபுனாம்புலஸ் ஆயின. கயிற்றின்மேல் நடப்பவர் என்று அர்த்தம். மின் கம்பியில் ஓடும் அணிலைப் பார்த்தவர்களுக்கு இந்தப் பெயரை விளக்கவே வேண்டாம். ஆசியாவின் பெரிய அணில்களை 1867-ல் ரட்டுஃபா என்று தனியாகப் பிரித்தார்கள்.

பேரினம் எத்தனை முறை மாறினாலும், முதலில் வைத்த இரண்டாவது சொல்லும் வைத்தவரின் பெயரும் ஒட்டிக்கொண்டே வரும். முன்னுரிமை விதி என்று இதைச் சொல்வார்கள்.

இந்த விதி பென்னன்டுக்கே ஆப்பும் வைத்திருக்கிறது! 1771-ல் உலகத்தின் பாலூட்டிகளைத் தொகுத்து ஒரு பெரிய நூல் எழுதினார். அதில் புது விலங்குகள் நிறைய. ஆனால் பலவற்றுக்கு ஆங்கிலப் பெயரை மட்டும் கொடுத்துவிட்டு, லத்தீன் பெயர் வைக்காமல் விட்டுவிட்டார். வட அமெரிக்காவின் ஃபிஷர் என்ற மரநாய் போன்ற விலங்கை அவர் அதில் விவரித்திருந்தார். 1777-ல் ஜெர்மனியின் எர்க்ஸ்லெபன் அதற்கு லத்தீன் பெயர் வைத்து, பெருமையைத் தட்டிக்கொண்டு போனார். பெயருக்குள் 'பென்னன்டி' இருக்கிறது, ஆனால் வைத்தவர் என்ற இடத்தில் எர்க்ஸ்லெபன்.

லின்னேயஸோடு நட்பு இருந்தாலும், அவருடைய வகைப்பாட்டை பென்னன்ட் அப்படியே ஏற்கவில்லை. குறிப்பாக மனிதனையும் குரங்கையும் வௌவாலையும் ஒரே வரிசையில் லின்னேயஸ் வைத்தது அவருக்குப் பிடிக்கவே இல்லை. லின்னேயஸுக்கு முந்தைய ஜான் ரேயின் முறையைத்தான் அவர் தழுவிக்கொண்டார். மனிதனையும் குரங்கையும் சேர்த்து வைத்த விஷயத்தில் காலம் லின்னேயஸ் பக்கம் நின்றது.

நாற்காலியில் உட்கார்ந்தே இந்தியப் பயணம்

பென்னன்ட் ஒன்றும் வீட்டுக்குள்ளேயே முடங்கிக் கிடந்தவர் இல்லை. 1769-லும் 1772-லும் ஸ்காட்லாந்து முழுக்கக் குதிரையில் சுற்றினார். மோசஸ் கிரிஃபித் என்ற வேல்ஸ் இளைஞரை ஓவியராகக் கூடவே வைத்துக்கொண்டார். அந்தப் பயண நூல்கள்தான் அவரை வீட்டுக்கு வீடு தெரிந்த எழுத்தாளர் ஆக்கின. 1777-ல் ஆன் மோஸ்டின் என்பவரை இரண்டாவதாகத் திருமணம் செய்துகொண்டார்.

வயது ஏறியது, பயணம் குறைந்தது, எழுத்து மட்டும் குறையவில்லை. 1793-ல் தன் எழுத்து வாழ்க்கையைப் பற்றி ஒரு நூல் வெளியிட்டார். தலைப்பிலேயே தன்னை 'காலஞ்சென்ற தாமஸ் பென்னன்ட்' என்று போட்டுக்கொண்டார்! எழுத்தாளனாகத் தன் கதை முடிந்துவிட்டது என்று அறிவிக்கும் ஒரு கிண்டல் அது. ஆனால் 'செத்த' பிறகும் மனுஷன் எழுதுவதை விடவில்லை.

கடைசிக் காலத்தில் அவர் கையில் எடுத்தது ஒரு கற்பனை உலகப் பயணம். நேரில் போகாமல், பிறர் எழுதியதையும் கடிதங்களையும் வைத்தே கடற்கரை கடற்கரையாக உலகத்தைச் சுற்றுவது. அதில் முதலில் அச்சான இரண்டு பாகங்களும் இந்தியாவைப் பற்றியவை: ஒன்று மேற்கு இந்தியா, இன்னொன்று கிழக்கு இந்தியா. அவை வெளிவந்த 1798-லேயே, டிசம்பர் 16 அன்று டவுனிங் மாளிகையில் பென்னன்ட் காலமானார். 72 வயது. மீதி இரண்டு பாகங்களை மகன் டேவிட் 1800-ல் வெளியிட்டார்.

இந்திய விலங்குகளைப் பற்றி ஒரு நூல், இந்தியாவைப் பற்றி இரண்டு பாகம். வந்தது ஒரு முறைகூட இல்லை.

அவர் விட்டுப்போன கேள்வி: எங்கே வாழ்கிறது?

பெயர் வைப்பது ஒரு வேலை. அந்த உயிர் எங்கிருந்து எங்கே வரை வாழ்கிறது என்று கண்டுபிடிப்பது வேறு வேலை. முதல் வேலையை வேல்ஸில் உட்கார்ந்தே செய்துவிடலாம். இரண்டாவதை காட்டுக்குள் போகாமல் செய்ய முடியாது. பென்னன்ட் கையில் இருந்தது இலங்கையில் வரைந்த ஒரு படம் மட்டும்தான்.

கோட்டு அணில் விஷயத்தில் இதைத் தெளிவாகப் பார்க்கலாம். 'பனை அணில்' என்ற பெயரில் மூன்று கோடும் ஐந்து கோடும் நூறு வருஷத்துக்கு மேல் குழம்பிக் கிடந்தன. பம்பாய் மாகாணத்தில் வனத்துறை அதிகாரியாக இருந்து ஓய்வுபெற்ற ராபர்ட் சார்லஸ் ரௌட்டன்தான் 1905-ல் இரண்டையும் பிரித்து, வடக்கில் இருப்பதற்குப் பென்னன்டின் பெயரை வைத்தார். இன்றைய நிலவரப்படி மூன்று கோட்டு அணில் தென்னிந்தியாவிலும் இலங்கையிலும் வாழ்கிறது. ஐந்து கோட்டு அணில் வட இந்தியா, பாகிஸ்தான், நேபாளம் என்று பரவி ஈரான் வரை போகிறது. ஆஸ்திரேலியாவின் பெர்த் நகரத்தில்கூட இருக்கிறது. ஆனால் அது அதன் இயற்கையான இடம் இல்லை, உயிரியல் பூங்காவிலிருந்து 1898-ல் வெளியே விடப்பட்டவற்றின் வாரிசுகள்.

இதே ரௌட்டன், ஓல்ட்ஃபீல்ட் தாமஸ் என்பவரோடு சேர்ந்து 1915-ல் சாம்பல் நிற அணிலையும் மறுபடி ஆராய்ந்தார். இலங்கையின் மலைப்பகுதியில் இருப்பது ஒரு துணையினம், ஈரமான தென்மேற்கில் இருப்பது இன்னொன்று, வறண்ட பகுதியில் இருப்பது மூன்றாவது என்று தெரிந்தது. தமிழ்நாட்டு அணிலை அந்த மூன்றாவதோடுதான் சேர்க்கிறார்கள். அதன் பெயர் டண்டோலெனா. சிங்களத்தில் இந்தப் பெரிய அணிலை 'தண்டு லேனா' என்பார்கள். ஆக, பென்னன்டுக்குப் பிறகு 146 ஆண்டுகள் கழித்து, அந்த அணிலைத் தினமும் பார்க்கிற மக்களின் சொல் ஒன்று அறிவியல் பெயருக்குள் நுழைந்தது. ஸ்ரீவில்லிபுத்தூர் அணில் சுமப்பது ஒரு சிங்களப் பெயரை!

கடலுக்கு இரண்டு பக்கமும் ஒரே அணில் எப்படி? பனியுகங்களில் கடல் மட்டம் இறங்கியபோது இந்தியாவும் இலங்கையும் நிலத்தால் இணைந்திருந்தன. அணில் பாலம் கட்டவில்லை, நடந்தே வந்திருக்கும்.

உலகத்திலேயே இது இந்தியாவிலும் இலங்கையிலும் மட்டும்தான் உண்டு. இந்தியாவிலும் பரவலாக இல்லை. ஸ்ரீவில்லிபுத்தூர், பழனி மலை, ஆனைமலைப் பக்கம், கேரளாவின் சின்னார், கிருஷ்ணகிரி - தருமபுரி காவிரிக் கரைக் காடுகள், கர்நாடகாவின் காவிரி சரணாலயம் என்று துண்டு துண்டாக. மேற்குத் தொடர்ச்சி மலையின் ஈரமான காடுகளில் பரவலாக இருக்கும் செம்பழுப்பு நிற மலபார் மலை அணில் இதன் சொந்தக்காரன், ஆனால் வேறு இனம்.

ஏன் துண்டு துண்டாக? இந்த அணில் பெரும்பாலும் தரைக்கு இறங்காது. கிளையிலிருந்து கிளைக்குத் தாவியே வாழ்க்கை. ஆற்றோரத்தில் ஒரு மரத்தின் தலை அடுத்த மரத்தின் தலையைத் தொட்டுக்கொண்டு நின்றால்தான் அதற்கு வழி. நடுவில் நாலு மரம் போனால் அதன் ரோடு கட். உலக இயற்கைப் பாதுகாப்புக் கூட்டமைப்பு இதை அச்சுறுத்தலை நெருங்கிவிட்ட இனமாக வைத்திருக்கிறது.

1988-ல் இந்த அணிலுக்காகவே ஸ்ரீவில்லிபுத்தூரில் சரணாலயம் அறிவிக்கப்பட்டது. 2021-ல் அது மேகமலையோடு சேர்ந்து புலிகள் காப்பகமானது. ஆனால் செண்பகத்தோப்புப் பக்கம் போனால், காட்டுக்கு வெளியே மாந்தோப்பிலும் புளியமரத்திலும்கூட இந்த அணிலைப் பார்க்க முடியும். அதாவது, அதன் எல்லை சரணாலயப் பலகையோடு முடிவதில்லை. தனியார் தோப்பு மரங்களும் சேர்ந்ததுதான் அதன் வீடு.

பெயர் யாருக்கு, பொறுப்பு யாருக்கு?

பென்னன்டைக் குறை சொல்வது சுலபம். பார்க்காமலே பெயர் வைத்தார் என்று சொல்லிவிடலாம். ஆனால் அவர் அச்சிட முயற்சி எடுக்காமல் போயிருந்தால், டி பெவேரின் ஓவியங்கள் லோட்டனின் அலமாரியிலேயே இருந்திருக்கும். அதே நேரம், அணிலை நேரில் பார்த்து வரைந்தவரின் பெயர் அந்த அறிவியல் பெயரில் எங்கும் இல்லை என்பதும் உண்மை. விதி அச்சில் பெயர் வைத்தவரை மட்டும்தான் ஞாபகம் வைத்துக்கொள்கிறது.

(பென்னன்ட், 1769) என்ற அந்த அடைப்புக்குறி இனி அழியப்போவதில்லை. அணில் ஒன்றுகூட மிச்சமில்லாமல் போனாலும் அது புத்தகத்தில் இருக்கும். அணில் இருக்குமா என்பதை முடிவு செய்வது, ஸ்ரீவில்லிபுத்தூரில் ஒரு மாமரத்துக்கும் அடுத்த புளியமரத்துக்கும் நடுவில் இருக்கும் இடைவெளி.

அடுத்த முறை குற்றாலமோ தென்காசியோ போகும்போது, வழியில் செண்பகத்தோப்பில் ஒரு மணி நேரம் நிறுத்துங்கள். செல்போனைக் கொஞ்சம் உள்ளே வைத்துவிட்டு மேலே பாருங்கள். கிளையிலிருந்து ஒரு நீள வால் தொங்கினால், அதுதான் அவர்.